மேற்கே தங்கையின் நாற்றுத்தோட்டம்

பதிவு அலுவலகத்துக்கு எதிர்ச்சாரியில் வரிசையாக ஆறு அறைகள். ஆறிலும் பத்திரம் எழுதுகிறவர்கள்தான். மூன்றாவது அறைக்காரருக்கும் பெற்றோர் வைத்த பெயர் ஒன்று உண்டு. அது அவருடைய உரிமத்தில் இருக்கிறது, வேறெங்கும் புழங்குவதில்லை. ஊருக்கு அவர் 'நாலெல்லை'.

பட்டப்பெயர் சும்மா வரவில்லை. நிலம் விற்க வருகிறவர் நாற்காலியில் உட்கார்ந்ததும், அவர் கையிலிருக்கும் பழைய பத்திரத்தை வாங்கி மேசையில் கவிழ்த்து வைத்துவிடுவார்.

"இப்பச் சொல்லுங்க. வடக்கே யாரு? தெக்கே யாரு? கிழக்கே, மேற்கே?"

வந்தவர் திருதிருவென்று விழிப்பார். "அதான் அதுலயே எழுதியிருக்கே" என்பார்.

"அது முப்பது வருஷத்துக்கு முந்தி எழுதினது. அதுல இருக்கறவங்க பாதிப்பேரு செத்தே போயிட்டாங்க. செத்தவங்களக் கொண்டுபோய் எல்லையில காவலுக்கு நிறுத்த முடியுமா? போய் நிலத்துல நின்னு பாத்துட்டு வாங்க."

மற்ற ஐந்து அறைகளிலும் எல்லைகளைப் பழைய பத்திரத்திலிருந்து எழுத்துப் பிசகாமல் அப்படியே இறக்கிவிடுவார்கள். அவர்கள் எழுதும் பத்திரங்களில் இறந்தவர்கள் இன்னும் உழுதுகொண்டிருக்கிறார்கள். நாலெல்லையிடம் அந்த வேலை ஆகாது. இன்றைய தேதியில் பக்கத்து நிலத்தில் கால் வைத்திருப்பவர் யார், அவர் பெயர் என்ன என்று தெரிந்தால்தான் பேனாவைத் திறப்பார். எரிச்சலோடு திரும்பிப் போன ஒருவர், பக்கத்துக்காரர் வேலியை இரண்டு கை நீளம் உள்ளே நகர்த்தியிருப்பதைக் கண்டுபிடித்துவிட்டு வந்து காலில் விழாத குறையாக நன்றி சொன்னார். அதிலிருந்து மனிதரைத் திட்டிக்கொண்டே அவரிடமே வந்தார்கள்.

எழுதி முடித்ததும் எழுந்து நின்று வாசித்துக் காட்டுவார். மூன்று அறைகளுக்குக் கேட்கும். தன் எழுத்தைத் தானே கேட்பதில் அவருக்கு ஒரு சுகம்.

இத்தனை கறாரான மனிதர் சொந்தத் தங்கையோடு வைத்துக்கொண்ட கொடுக்கல் வாங்கலைக் கேட்டால் சிரிப்பீர்கள்.

அப்பா விட்டுப்போனது இரண்டு துண்டு நிலம். சாலையோரத் துண்டு மகனுக்கு, கிணற்றோடு சேர்ந்த உள்துண்டு மகளுக்கு. அந்தப் பாகப் பத்திரத்தை எழுதியவரும் நாலெல்லையேதான். பதினெட்டு வருடத்துக்கு முன் தங்கையின் கணவர் நோயில் விழுந்து இறந்துபோனார். தங்கை கண்ணைத் துடைத்துக்கொண்டு நாற்று வியாபாரத்தில் இறங்கினாள். கறுப்புப் பைகளில் மண்ணை நிரப்பி ரோஜா, செம்பருத்தி, எலுமிச்சை, கொய்யா என்று கன்றுகள் வளர்த்தாள். ஆனால் உள்துண்டில் கன்று வளர்த்தால் யார் கண்ணில் படும்?

"அண்ணே, ரோட்டுப்பக்கம் இருந்தா போறவங்க வர்றவங்க வண்டிய நிறுத்தி வாங்குவாங்க" என்றாள்.

"எடுத்துக்கோ. உன்னோடத நான் எடுத்துக்கறேன்" என்றார் அவர்.

ஒரு டீ குடிக்கிற நேரத்தில் நிலம் கை மாறியது. யாரும் எதையும் எழுதவில்லை. எழுத வேண்டும் என்று தோன்றவும் இல்லை.

பிறகு நாலெல்லையின் மகளுக்குக் கல்யாணம் வந்தது. தங்கையிடமிருந்து வந்த உள்துண்டை விற்றார். காகிதத்தில் அது அவள் நிலம் அல்லவா? அதனால் தங்கையே வந்து, விற்பவர் என்ற இடத்தில் கையெழுத்துப் போட்டாள். பணப்பையை வாங்கிய கையோடு அண்ணனிடம் கொடுத்துவிட்டு, செடிக்குத் தண்ணீர் விட வேண்டும் என்று அடுத்த பஸ்ஸைப் பிடித்தாள். ஆக, காகிதப்படி பார்த்தால் தங்கை தன் நிலத்தை விற்றுத் தின்றுவிட்டாள். சாலையோரத் துண்டு இன்னும் அண்ணனுடையது. நடந்ததோ முழுக்க முழுக்க நேர்மாறு.

இந்த நிலையில்தான் அரசாங்கம் சாலையை அகலப்படுத்தக் கிளம்பியது. அளக்க வந்தவர்கள் நாற்றுத்தோட்டம் முழுவதும் சாலைக்குள் வருவதாகக் கணக்கிட்டு, நடுநடுவே சிவப்புச் சாயம் பூசிய முளைகளை அடித்துவிட்டுப் போனார்கள். நோட்டீஸ் மட்டும் நாலெல்லை வீட்டுக்கு, அவர் பெயரில் வந்தது. 'தங்களுக்குச் சொந்தமான' என்று தொடங்கியது.

படிவம் என்றால் அவருக்குக் கை சும்மா இருக்காது. அன்றைக்கே நிரப்பி, இழப்பீடு தனக்கு வரவேண்டும் என்று அனுப்பிவிட்டார். மாற்றிக்கொண்ட கதையையெல்லாம் நில எடுப்பு அலுவலகத்தில் சொன்னால் கோப்பு வருடக்கணக்கில் தூங்கும், என் பேரில் வாங்கி அவளிடம் கொடுத்துவிடலாம் என்பது அவர் எண்ணம். அதுவரை அவர் மனதில் கள்ளம் இல்லை. எங்கே வேண்டுமானாலும் சத்தியம் செய்வேன். தங்கையிடம் சொல்லவில்லை, அவ்வளவுதான். நாளைக்குச் சொல்லலாம் என்று இருந்தார். அந்த நாளை வரவே இல்லை.

பிறகு தொகை எவ்வளவு என்று கடிதம் வந்தது. முதலில் நின்றபடி படித்தார். அப்புறம் உட்கார்ந்து படித்தார். மூன்றாவது தடவை கண்ணாடியைத் துடைத்துவிட்டுப் படித்தார்.

மகன் வண்டி ஓட்டக் கற்றுக்கொடுக்கும் பள்ளி வைத்திருப்பவன். பள்ளி என்றால் ஒரே ஒரு கார், இரண்டு பிரேக். இன்னொரு கார் வாங்க வேண்டும் என்பது அவனுடைய நெடுநாள் ஆசை.

"பேப்பர் யார் பேர்லப்பா இருக்கு?" என்று கேட்டான்.

"என் பேர்ல."

"அத்தைகிட்ட ஏதாவது எழுத்து இருக்கா?"

"இல்ல."

"அப்புறம் என்னப்பா? வாய்ப்பேச்சு செல்லாதுன்னு ஊருக்கெல்லாம் சொல்றது நீங்கதானே?"

துணி மடித்துக்கொண்டிருந்த மனைவி தலையை நிமிர்த்தவில்லை. "உங்க தங்கச்சி கையெழுத்துப் போட்டுக் குடுத்த பணத்துலதான் நம்ம பொண்ணு கல்யாணம் நடந்துச்சு. அதையும் அப்பாவும் பிள்ளையும் கணக்குல சேத்துக்குங்க" என்று சொல்லிவிட்டு உள்ளே போனாள்.

நாலெல்லை ஒரு வாரம் தூக்கமில்லாமல் புரண்டு, கடைசியில் ஒரு முடிவுக்கு வந்தார். ஆளுக்குப் பாதி. சட்டப்படி முழுவதும் தனக்கு இருக்க, பாதியைத் தூக்கிக் கொடுக்கிறோம் என்று அவருக்கே தன்மேல் ஒரு மரியாதை பிறந்தது. மனிதன் தன்னைத்தானே ஏமாற்றிக்கொள்ளும்போது எவ்வளவு தாராளமாகிவிடுகிறான் பாருங்கள்.

நாற்றுத்தோட்டத்தில் தங்கை தரையில் உட்கார்ந்து பைகளில் மண் நிரப்பிக்கொண்டிருந்தாள். ரோஜா வரிசைக்கு நடுவே நின்ற சிவப்பு முளையில் பூவாளியை மாட்டியிருந்தாள். அண்ணன் விஷயத்தைச் சொல்லி முடிக்கும் வரை அவள் கை நிற்கவில்லை.

"நோட்டீஸ் எப்ப வந்துச்சு?"

"ரெண்டு மாசம் இருக்கும்."

"ரெண்டு மாசமா இந்த வழியாத்தானே பஸ்ல போறே, வர்றே."

"சொல்லணும்னுதாம்மா இருந்தேன்."

"சரி. பாதி எனக்குங்கறே. மீதிப் பாதி எதுக்குண்ணே?"

அவருக்குச் சுருக்கென்று தைத்தது. "பேப்பர்ல என் பேருல்ல இருக்கு?" என்றார். சொன்ன குரல் அவருக்கே பிடிக்கவில்லை.

"இருக்கு" என்றாள் தங்கை. அடுத்த பையில் மண்ணை அள்ளிப் போட்டபடியே, "தண்ணி குடிக்கறியா?" என்று கேட்டாள். வேண்டாம் என்று வந்துவிட்டார்.

பத்து நாளில் அவள் கொடுத்த ஆட்சேபனை மனுவின் நகல் வந்தது. நோட்டுத்தாளில், அவள் கையாலேயே எழுதியிருந்தாள். பதினெட்டு வருடமாக இந்த மண்ணில் இருக்கிறேன், அண்ணன் பங்குக்கு என் பங்கைக் கொடுத்துவிட்டேன், அவர் அதை விற்றும் விட்டார் என்று நாலே வரி. நாலெல்லைக்கு முகம் தொங்கிப்போனது. கூடப் பிறந்தவள் தன்மேலேயே மனு எழுதிவிட்டாளே! அந்த வேதனையிலும் அவர் கண் தன் வேலையைப் பார்த்தது. தேதி இல்லை, நிலத்தின் எண் இல்லை, நாலு எல்லையும் இல்லை.

"என் மேல மனு போடறவ அதையாவது ஒழுங்கா போடக்கூடாதா?" என்று மனைவியிடம் அங்கலாய்த்தார்.

"எழுதிக் குடுக்க அவளுக்கு யாரு இருக்கா?" என்றாள் மனைவி.

அலுவலகத்திலிருந்து அடுத்த கடிதம் வந்தது. இருவர் உரிமை கோருவதால் விசாரணை நடக்கும். அங்கே தீராவிட்டால் பணம் நீதிமன்றத்துக்குப் போய்விடும். தீர்ப்பு எப்போது வருமோ வரட்டும், நிலத்தை மட்டும் அடுத்த மாதக் கடைசியில் எடுத்துக்கொள்வோம். இதுதான் செய்தி. தங்கை ஊருக்கு வெளியே ஒரு இடம் பார்த்து வைத்திருப்பதாகவும், இழப்பீடு கைக்கு வந்தால்தான் வாங்க முடியும் என்று விற்பவரிடம் தவணை கேட்டிருப்பதாகவும் அவர் காதில் விழுந்தது. பணம் வராவிட்டால் நாலாயிரம் கன்றுகளைத் தூக்கிக்கொண்டு அவள் எங்கே போவாள்? அந்தக் கேள்வி வரும்போதெல்லாம் அவர், 'எழுத்து எங்கே இருக்கிறது?' என்ற இன்னொரு கேள்வியை எடுத்து அதன்மேல் வைத்து மூடிவிடுவார்.

விசாரணைக்கு நாலு நாள் இருக்கும்போது சைக்கிள் கடைக்காரர் வந்தார். நாற்றுத்தோட்டத்துக்கு அடுத்த நிலம் அவருடையது. அவர் நிலத்திலும் ஒரு கீற்று சாலைக்குப் போகிறது. இழப்பீட்டுக்கு என்னென்ன காகிதம் வைக்க வேண்டும் என்று கேட்க வந்திருந்தார். பழக்க தோஷம், நாலெல்லை அவருடைய பத்திரத்தை வாங்கி மேசையில் கவிழ்த்து வைத்தார்.

"சொல்லுங்க."

"வடக்கே ரோடு. தெக்கே வாய்க்கால். கிழக்கே லாரி நிறுத்தற இடம். மேற்கே உங்க தங்கச்சி தோட்டம்."

அவர் சொன்னதை எழுதியிருப்பதோடு ஒத்துப் பார்க்க நாலெல்லை பத்திரத்தைத் திருப்பினார். பன்னிரண்டு வருடத்துக்கு முந்தைய பத்திரம். வடக்கே, தெற்கே, கிழக்கே என்று வழக்கம்போல் வாய்விட்டுப் படித்துக்கொண்டே வந்தவர், மேற்கில் நின்றுவிட்டார். அங்கே தங்கையின் பெயர் இருந்தது. பெயரை அடுத்து, 'என்பவருக்குப் பாத்தியமாகி அவர் அனுபவத்தில் இருந்துவரும் நாற்றுத்தோட்டம்' என்று இருந்தது. மணிமணியான எழுத்து. கடைசிப் பக்கத்தில் எழுதியவர் கையெழுத்தும் உரிம எண்ணும் இருந்தன. இரண்டும் அவருடையவை.

எழுத்து இல்லை, எழுத்து இல்லை என்று மூன்று மாதமாக அவர் பிடித்துக்கொண்டிருந்த கிளை முறிந்தது. முறித்தது அவருடைய கையேதான். நிலத்தில் யார் நிற்கிறார்கள் என்று பார்த்து எழுதுகிறவர், அன்றைக்கும் பார்த்துத்தான் எழுதியிருக்கிறார்.

"என்ன நிறுத்திட்டீங்க? தப்பா இருக்கா?" என்றார் சைக்கிள் கடைக்காரர்.

"இல்ல, சரியாத்தான் இருக்கு."

"இந்தப் பத்திரத்தையும் வைக்கணுமா, வரி கட்டின ரசீது போதுமா?"

"ரசீது போதும்" என்றார் நாலெல்லை.

சைக்கிள் கடைக்காரர் பத்திரத்தை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டு, கும்பிட்டுவிட்டுப் போனார். ரசீது போதாது. அது அந்தச் சாரியில் டீ கொண்டுவருகிறவருக்குக்கூடத் தெரியும். பத்திரம் வைக்காவிட்டால் அந்த மனிதருடைய கோரிக்கையும் திரும்பி வந்துவிடும். முப்பத்தைந்து வருடத்தில் தன்னை நம்பி வந்த ஒருவருக்கு அவர் தெரிந்தே தப்பு வழி சொன்னதில்லை. தங்கை விஷயத்தில் தூங்கிக்கொண்டிருந்த மனசாட்சி, சைக்கிள் கடைக்காரர் விஷயத்தில் உதைத்துக்கொண்டு எழுந்தது. இது வேடிக்கைதான், ஆனால் நடந்தது இப்படித்தான்.

செருப்பைக்கூட மாட்டாமல் தெருவில் இறங்கி ஓடினார். பஸ் நிறுத்தத்தில் பிடித்துவிட்டார். மூச்சு வாங்கியது.

"பத்திரம் வேணும். கண்டிப்பா வைக்கணும். நான் தப்பாச் சொல்லிட்டேன்."

"அதுக்கு இப்படியா வெறுங்காலோட ஓடி வருவீங்க?"

"ரெண்டு நகல் எடுங்க."

"ரெண்டு எதுக்கு?"

"ஒண்ணு எனக்கு" என்றார்.

விசாரணை அறையில் மின்விசிறி கோப்புகளின் ஓரங்களைப் படபடக்க வைத்துக்கொண்டிருந்தது. அதிகாரி நடுத்தர வயதுப் பெண். மேசைக்கு இந்தப் பக்கம் நாலெல்லையும் மகனும் உட்கார்ந்திருந்தார்கள். அந்தப் பக்கம் தங்கை தனியாக. அவள் நகக்கண்ணில் மண் இருந்தது.

"நிலத்த மாத்திக்கிட்டோம்னு சொல்றீங்க. எழுத்து ஏதாவது இருக்காம்மா?" என்று அதிகாரி கேட்டார்.

"இல்லீங்க. அண்ணன்கிட்ட எழுதிக் கேக்கணும்னு எனக்குத் தோணல."

மகன் நிமிர்ந்து உட்கார்ந்தான். அதிகாரி நாலெல்லையின் பக்கம் திரும்பினார். அவர் பையிலிருந்து நகலை எடுத்தார்.

"எழுத்து இருக்கும்மா."

எழுந்து நின்று வாசித்தார். குரலைத் தாழ்த்த நினைத்தார், வரவில்லை. தாழ்வாரத்தில் காத்திருந்தவர்கள் எட்டிப் பார்த்தார்கள். மேற்கு எல்லை வந்ததும் தங்கையின் பெயரை அழுத்தி வாசித்தார்.

"இதை எழுதினது யாரு?"

"நான்தான்."

"அப்ப, பணம் எனக்கு வரணும்னு நீங்க குடுத்த மனு?"

"அது தப்பும்மா. எனக்கு வரவேண்டிய நிலம் எனக்கு வந்துடுச்சு. வித்து என் பொண்ணுக்குக் கல்யாணமும் பண்ணிட்டேன். இது அவளோடது."

"முழுசுமா?"

"முழுசும்."

மகன் கூரையைப் பார்த்தான். அதிகாரி ஒரு வெள்ளைத்தாளை நகர்த்தி, இப்போது சொன்னதை எழுதிக் கொடுக்கச் சொன்னார். நாலெல்லை எழுதினார். தேதி போட்டார், நிலத்தின் எண் போட்டார், நாலு எல்லையும் போட்டார். தங்கை மனுவில் விட்டிருந்ததெல்லாம் இதில் இருந்தது. அவள் கைப்பையின் கொக்கியைத் திறப்பதும் மூடுவதுமாக இருந்தாள். அண்ணன் பக்கம் திரும்பவில்லை.

வெளியே வந்ததும் ஏதாவது பேசுவாள் என்று நின்றார்.

"பஸ் வந்துடும்ணே" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

வேறென்ன எதிர்பார்த்தார்? எடுத்ததைத் திருப்பி வைத்தவருக்கு யாரும் மாலை போடுவதில்லை. ஆனாலும் அவருக்கு வலித்தது. மகன் பத்து நாள் பேசவில்லை. பதினோராம் நாள் பள்ளியின் உரிமத்தைப் புதுப்பிக்கப் படிவம் நிரப்ப வேண்டியிருந்தது, பேசிவிட்டான். தங்கைக்குப் பணம் வந்து சேர்ந்தது. தவணை முடிவதற்குள் முன்பணம் கட்டி, கன்றுகளை வண்டியில் ஏற்றிக்கொண்டு புது இடத்துக்குப் போய்விட்டாள் என்று சைக்கிள் கடைக்காரர் சொல்லித்தான் தெரிந்தது.

அடுத்த மாதம் ஒரு காலைவேளை, தங்கை பதிவு அலுவலகத்துத் தெருவில் வந்தாள். கூடவே நிலம் விற்கிறவரும் வந்தார். நாலெல்லை அவசரமாக மேசையை ஒழித்தார், எதிர் நாற்காலியில் கிடந்த கோப்பை எடுத்துக் கீழே வைத்தார். அவர்கள் மூன்றாவது அறையைத் தாண்டி, ஐந்தாவது அறைக்குப் போனார்கள்.

ஐந்தாவது அறைக்காரர் மூக்கால் வாசிப்பவர். நாலெல்லைக்கு நடுநடுவே ஒரு சொல் கேட்டது, நாலு சொல் கேட்கவில்லை. வடக்கே என்று ஏதோ வந்தது. பழைய பத்திரத்தைப் பார்த்து இறக்குகிறானா, இவள் போய் நின்று பார்த்தாளா என்று அவர் மனம் கிடந்து அடித்துக்கொண்டது. தன் எதிரில் இருந்தவருடைய பத்திரத்தில் ஒரே வரியை இரண்டு தடவை எழுதிவிட்டார்.

அரைமணி கழித்துத் தங்கை அவர் வாசலில் வந்து நின்றாள்.

"அண்ணே, சாட்சிக் கையெழுத்து ஒண்ணு போடணும். வர்றியா?"

"என்கிட்டயே வந்திருக்கலாமேம்மா."

"உன்கிட்ட எழுதினா நீ காசு வாங்க மாட்டே. அதான்."

நல்ல காரணம். அவள் மரியாதையாக அதைச் சொன்னாள், அவரும் மரியாதையாக அதை ஏற்றுக்கொண்டார். எழுந்து அவளோடு நடந்தார்.

ஐந்தாவது அறைக்காரர் பத்திரத்தின் கடைசிப் பக்கத்தை மட்டும் விரித்து வைத்திருந்தார். சாட்சி பத்திரத்தைப் படிக்க வேண்டியதில்லை. சம்பந்தப்பட்டவர்கள் கையெழுத்துப் போடுவதைப் பார்த்தால் போதும். இதை ஊருக்கெல்லாம் சொல்லிக் கொடுத்தவரே அவர்தான். தங்கை கையெழுத்துப் போட்டாள், பார்த்தார். முன்பக்கங்களைப் புரட்ட விரல் துடித்தது, அடக்கிக்கொண்டார்.

"இங்கண்ணே" என்று தங்கை கோட்டின்மேல் விரலை வைத்தாள்.

கையெழுத்துப் போட்டார். கீழே பெயர், அதற்கடுத்து தகப்பனார் பெயர். முதல் பக்கத்தில், வாங்குபவரின் தகப்பனார் பெயர் என்ற இடத்தில் என்ன எழுதியிருக்கும் என்று அவருக்குப் பார்க்காமலே தெரியும். அதே பெயரை இங்கே, சாட்சியின் தகப்பனார் பெயர் என்ற இடத்தில் எழுதினார். பாதி எழுதும்போது அழுகை வந்தது. அறுபத்தொரு வயதில், ஐந்தாவது அறைக்காரர் முன்னால் அழுவதா என்று தொண்டையைச் செருமி மீதியை எழுதி முடித்தார்.

"முகவரியும் போடணும்ணே" என்றாள் தங்கை.

போட்டார்.